"ஸ்பானிஷுக்கு இரண்டை அழுத்தவும்": உங்கள் அனுபவங்களைச் சொல்லுங்கள்

ஹூஸ்டன் செவிலியர்

அமெரிக்காவில் எந்த வங்கிக்குப் போன் போட்டாலும் ஆங்கிலம் முடிந்த கையோடு, "பாரா எஸ்பான்யோல், ஒப்ரிமா எல் தோஸ்" என்று ஒரு குரல் வரும். ஸ்பானிஷ் வேண்டுமென்றால் இரண்டை அழுத்தச் சொல்கிறது. வந்த புதிதில் எனக்கு அது காதிலேயே விழாது. மருத்துவமனை வேலைக்குச் சேர்ந்த பிறகுதான், இந்த ஊரில் கூரை மாற்றுகிறவர், ஓட்டலில் பாத்திரம் துலக்குகிறவர், வயதானவர்களைக் குளிப்பாட்டி விடுகிறவர் எனப் பலரும் அந்த இரண்டை அழுத்துகிறவர்கள் என்று தெரிந்தது. இந்த நாட்டில் வீட்டுக்குள் ஸ்பானிஷ் பேசுவோர் மட்டும் 4 கோடிக்கு மேல். டெக்சாஸுக்கு அது நேற்று வந்த மொழியும் அல்ல. 1836 வரை இது மெக்சிகோ மண். சான் அன்டோனியோ, எல் பாசோ என்று ஊர்ப் பெயர்களே சொல்லும்.

என்னை ஸ்பானிஷ் படிக்க வைத்தது ஒரு ராத்திரி. முன்பு நான் வேலை பார்த்த இடம். ஹோண்டுராஸ் நாட்டுப் பெண் ஒருவர் வயிற்று வலியோடு வந்தார். துணைக்கு வந்தது பத்து வயது மகள் மட்டும்தான். மொழிபெயர்ப்பாளர் கிடைக்க நேரமாகும் என்று அந்தச் சிறுமியையே நடுவில் நிறுத்திப் பேச வைத்தார்கள். பிள்ளைகளை இதற்குப் பயன்படுத்தக் கூடாது என்று 2016-லேயே அரசு விதி வந்தாயிற்று. இருந்தும் நடந்தது.

"இதற்கு முன் கரு கலைந்திருக்கிறதா?" என்று டாக்டர் கேட்டார். பிள்ளைக்கு அந்த வார்த்தை தெரியவில்லை. தன் வயிற்றைத் தொட்டுக் காட்டி என்னவோ கேட்டாள். அம்மா மகள் முகத்தையே கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு "நாதா" என்றார். ஒன்றுமில்லையாம். அரை மணி கழித்துத் தொலைபேசியில் மொழிபெயர்ப்பாளர் கிடைத்தார். ஜூஸ் வாங்கித் தரச் சொல்லிச் சிறுமியை ஒருவரோடு வெளியே அனுப்பினேன். அதே கேள்வியைக் கேட்டபோது அந்த அம்மா இரண்டு விரலைக் காட்டி, குரலே எழாமல், "தோஸ்" என்றார்.

1980-ல் ஃபுளோரிடாவில் 18 வயதுப் பையன் ஒருவனை மயங்கிய நிலையில் கொண்டுவந்தார்கள். கியூபாக் குடும்பம். சாப்பிட்டது ஏதோ ஒத்துக்கொள்ளவில்லை என்ற பொருளில் "இன்டொக்ஸிகாதோ" என்றார்கள். கேட்டவர்கள் அதைப் போதை என்று எடுத்துக்கொண்டு அதற்கு வைத்தியம் பார்த்தார்கள். உண்மையில் மூளையில் ரத்தக்கசிவு. தெரியவரும்போது காலம் கடந்துவிட்டது, கைகால் செயலிழந்துபோயின. இழப்பீடு சுமார் 7 கோடியே 10 லட்சம் டாலர். எங்கள் பயிற்சி வகுப்பில் இதைக் கேட்ட அன்று எனக்குத் தூக்கம் வரவில்லை.

உங்களுக்கு ஸ்பானிஷோடு எப்படிப் பழக்கம்? எழுதுங்கள்.

ஓ.எம்.ஆர். நைட் ஷிப்ட்

அக்கா, நீங்க சொன்ன அந்த இரண்டை அழுத்தினால் சில கம்பெனிகளுக்கு எடுக்கிற ஆள் நான்தான். சென்னையில் உட்கார்ந்து, சாயங்காலம் ஏழரைக்கு ஹெட்செட் மாட்டினால் விடிகிற வரைக்கும் மெக்சிகோ.

நான் படிச்சது ஸ்பெயின் நாட்டுப் பாடப்புத்தகம். முதல் மாசம் குவாதலஹாராவிலிருந்து ஒரு பாட்டி, பில் தப்பா வந்திருக்குன்னு கோபமா பேசினாங்க. "உங்க விவரத்தை எடுத்துக்கிறேன்"னு சொல்றதுக்கு நான் படிச்ச மாதிரியே "கொஹேர்"ங்கிற வார்த்தையைப் போட்டேன். மாட்ரிட்டில் பஸ் பிடிக்கிறதுக்கும் அதுதான், பை எடுக்கிறதுக்கும் அதுதான். மெக்சிகோவில் அது படுக்கையறை கொச்சை. அந்தப் பக்கம் சத்தமே இல்லை. அப்புறம் கோபமெல்லாம் இறங்கி, "மிஹோ, இங்கே நாங்க தொமார்னு சொல்லுவோம்"னு நிதானமா சொல்லிக்கொடுத்தாங்க. மிஹோன்னா என் மகனே. எங்க அப்பத்தா "அய்யா"ன்னு கூப்பிடுற மாதிரியே இருந்துச்சு.

20 நாட்டுக்கு ஆட்சிமொழின்னு பெருமையா சொல்றாங்க. ஆனா அர்ஜென்டினாக்காரர் "நீ"ங்கிறதுக்கு "வோஸ்"ங்கிறார், மெக்சிகோவில் "தூ". கொலம்பியாவில் சில ஊர்ல புருஷன் பொண்டாட்டிக்குள்ளேயே "உஸ்தெத்", அதாவது "நீங்க". மெக்சிகோவில் "அஓரிதா"ன்னா இப்பவேன்னு அர்த்தம், சாயங்காலம்னும் அர்த்தம். நம்ம வீட்ல "இதோ வந்துட்டேன்"னு சொல்ற மாதிரிதான். இதெல்லாம் எனக்குச் சொல்லிக்கொடுத்தது வகுப்பு இல்லை, போன்ல வந்தவங்க.

குஸ்கோவில் இரண்டு வருடம்

மேலே இருவரும் எழுதியதில் ஸ்பானிஷ் எளியவர்களின் மொழி. நான் பார்த்தது அதன் மறுபக்கம்.

வேலை நிமித்தம் பெருவில் இருந்தேன். குஸ்கோவின் சான் பெத்ரோ சந்தையில் வாடிக்கையாக உருளைக்கிழங்கு வாங்குவேன். கடைக்கார அம்மாள் பக்கத்துக் கடையோடு, அந்த மலைநாட்டுப் பூர்வகுடிகளின் மொழியான கெச்சுவாவில் சிரித்துப் பேசுவார். பேத்தி வந்து நின்றதும் ஸ்பானிஷுக்கு மாறிவிடுவார். பேத்தி பள்ளிச் சீருடையில், கிழங்கு மூட்டைமேல் உட்கார்ந்து வீட்டுப்பாடம் எழுதுவாள். ஒருநாள் கேட்டேன், ஏன் அவளோடு கெச்சுவா பேசுவதில்லை என்று. "அவளுக்குப் புரியும். பேசினால் பள்ளியில் கேலி செய்கிறார்கள்" என்றார், கிழங்கைத் தராசில் போட்டபடியே. இத்தனைக்கும் 1975-லேயே கெச்சுவாவுக்கு அங்கே ஆட்சிமொழித் தகுதி கொடுத்தாயிற்று. வங்கிப் படிவமோ ஆஸ்பத்திரிச் சீட்டோ கெச்சுவாவில் இருந்து நான் பார்த்ததில்லை. நம் ஊரில் ஆங்கிலம் உட்கார்ந்திருக்கும் நாற்காலியில் அங்கே ஸ்பானிஷ்.

அந்த அம்மாள் விற்ற கிழங்குக்கு ஸ்பானிஷில் "பாப்பா". அது கெச்சுவாச் சொல். கோண்டோர் என்ற பெருங்கழுகு, பூமா, நாம் லாமா என்கிற யாமா எல்லாமே அப்படிப் போனவைதான். நாம் சாப்பிடும் சப்போட்டாகூட மெக்சிகோவின் நாவாட்டல் மொழியில் "ட்சாபொட்ல்" ஆக இருந்து ஸ்பானிஷ் வழியாக நம் பழக்கடைக்கு வந்த பெயர். சொற்களை உலகம் சுற்ற வைத்த மொழி, அவற்றைப் பெற்ற மொழிகளை வீட்டுக்குள்ளேயே வாயடைக்க வைத்திருக்கிறது. அந்தப் பேத்தியை நினைத்தால் எனக்கு இன்னும் ஆறவில்லை.

ஓக்லாண்ட் தன்னார்வலர்

அண்ணா சொன்னதன் தொடர்ச்சி கலிபோர்னியாவிலும் இருக்கிறது. குடியேறிகளுக்குப் படிவம் நிரப்ப உதவும் இடத்தில் சனிக்கிழமை தோறும் போய் உட்காருவேன். குவாதமாலாவிலிருந்து ஒருவர் வந்தார். நான் ஸ்பானிஷில் கேட்கக் கேட்க "ஸீ, ஸீ", அதாவது ஆமாம், ஆமாம் என்று தலையாட்டினார். எத்தனை பிள்ளைகள் என்றேன். அதற்கும் "ஸீ".

அப்போதுதான் பேனாவைக் கீழே வைத்தேன். அவருடைய மொழி மாம். மாயா மொழிகளில் ஒன்று. ஓக்லாண்டில் அதைப் பேசுவோர் ஆயிரக்கணக்கில் இருக்கிறார்கள். குவாதமாலா என்றால் ஸ்பானிஷ் என்று முடிவுகட்டி, அதற்கு முன்பு இரண்டு அலுவலகங்களில் அவருடைய காகிதங்களை ஸ்பானிஷிலேயே எழுதி அனுப்பியிருந்தார்கள். பிறந்த தேதி, ஊர்ப் பெயர், ஏன் ஊரை விட்டு வந்தார் என்பது, எல்லாமே தப்பு. அவருடைய குடியேற்ற வழக்கே இந்த விவரங்களின்மேல்தான் நிற்கும். மாம் தெரிந்த ஒருவர் வந்து சேரும்வரை பேச வழியின்றி நாங்கள் இருவரும் மூன்று மணி நேரம் உட்கார்ந்திருந்தோம். அவர் வந்து முதல் வாக்கியம் பேசியதும் இவர் தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு பேச ஆரம்பித்தவர், நிறுத்தவே இல்லை.

ஹூஸ்டன் செவிலியர்

தம்பி, உங்கள் பதிவைப் படித்த பிறகு என் வழக்கம் ஒன்றை மாற்றினேன். முன்பெல்லாம் "எஸ்பான்யோல்?" என்றுதான் ஆரம்பிப்பேன். போன வாரம் குவாதமாலாவிலிருந்து வந்த ஒரு கர்ப்பிணியிடம், வீட்டில் என்ன பேசுவீர்கள் என்று கேட்டேன். கணவர் முந்திக்கொண்டு ஸ்பானிஷ் என்றார். அந்தப் பெண் தரையைப் பார்த்தபடி "கிச்சே" என்றார். அதுவும் ஒரு மாயா மொழி. தொலைபேசியில் கிச்சே மொழிபெயர்ப்பாளர் கிடைக்க நாற்பது நிமிடம் ஆயிற்று. டாக்டர் இரண்டு முறை வந்து எட்டிப் பார்த்துவிட்டுப் போனார். காத்திருந்தோம்.