ஆர்க்டிக் மங்கீஸ் மைஸ்பேஸில் பக்கம் தொடங்கினார்களாம்!

பழைய_டிரம்மர்:
"மாணவர் ராக் பேண்ட், எங்கே ஆரம்பிப்பது" இழையில் அடுத்தகோரஸ் என்கிற தம்பி எழுதியதைப் படித்ததிலிருந்து கை சும்மா இருக்க மாட்டேன் என்கிறது. அவர் எழுதியது அப்படியே: "கல்லூரி பேண்டுக்கு மேடையெல்லாம் இப்போது வேண்டாத வேலை. ஆர்க்டிக் மங்கீஸே மைஸ்பேஸில் பக்கம் தொடங்கி அதிலேயே ரசிகர்களைச் சேர்த்து மேலே வந்தவர்கள்தானே. விடாமல் வீடியோ போட்டால் கூட்டம் தானாக வரும்." மற்றதை அப்புறம் பேசலாம், அந்த நடு வாக்கியத்துக்கு வருகிறேன். ஆர்க்டிக் மங்கீஸ் என்ற அந்த ஆங்கிலேய ராக் பேண்ட், மைஸ்பேஸ் என்ற அன்றைய சமூக வலைத்தளத்தில் பக்கம் தொடங்கவே இல்லை. தொடங்கியவர்கள் ரசிகர்கள். அந்தப் பையன்கள் தங்கள் ஊரான ஷெஃபீல்டில் மேடை மேடையாக வாசித்தார்கள், டெமோ பாட்டுகளைக் குறுந்தகட்டில் பதிந்து வந்தவர்கள் கையில் இலவசமாகக் கொடுத்தார்கள், வாங்கிப் போனவர்கள் அதைக் கணினியில் ஏற்றிப் பரப்பினார்கள். மேடை முன்னால், இணையம் பின்னால். இதற்கு பதில் சொல்லிவிட்டு மற்றவர்களுக்கு வழிகாட்டலாம்.

அடுத்தகோரஸ்:
வந்துட்டார் அண்ணன். நான் எங்கள் பாட்டைப் போட்டு டிரம்ஸ் எப்படி இருக்கிறது என்று பணிவாகக் கேட்டபோது "டிரம்ஸ் எங்கே?" என்று இரண்டே வார்த்தையில் பதில் போட்டவர், இன்றைக்கு எனக்காக இத்தனை வரி தட்டியிருக்கிறார், நன்றி. பக்கத்தை யார் தொடங்கினால் என்ன அண்ணே? கூட்டம் சேர்ந்தது எங்கே? 2005 அக்டோபரில் டொமினோ இசை நிறுவனம் மூலம் அவர்களுடைய முதல் சிங்கிள் வந்தது, வந்த வேகத்தில் பிரிட்டன் பட்டியலில் முதலிடம். ஷெஃபீல்டு மேடைகளுக்கு முன்னால் நின்றவர்கள் மட்டும் வாங்கியா முதலிடம் வந்தது?

பழைய_டிரம்மர்:
"யார் தொடங்கினால் என்ன" என்று இப்போது கேட்கிறாய். நேற்று எழுதியது "பக்கம் தொடங்கி". தொடங்கினார்களா இல்லையா?

மிக்ஸர்_மேசை:
இரண்டு பேரும் இருபது வருடக் கதையைப் பேசிக்கொண்டிருக்கிறீர்கள். மைஸ்பேஸே 2015-க்கு முன்னால் ஏற்றிய பாட்டுகளையெல்லாம் சர்வர் மாற்றும்போது தொலைத்துவிட்டது, 2019-ல்தான் வெளியே தெரிந்தது. பன்னிரண்டு வருடப் பாட்டு. கையில் மூலப் பதிவு வைத்துக்கொள்ளாத பேண்டுகளுக்கு அன்றைக்கு எல்லாம் போச்சு. இன்றைய மாணவர்களுக்கு நான் சொல்வது ஒன்றுதான்: பாட்டின் தனித்தனி ட்ராக்குகளை இரண்டு இடத்திலாவது சேமியுங்கள். அப்புறம் சண்டை போடுங்கள்.

அடுத்தகோரஸ்:
நல்ல யோசனை சார், ஆனால் பேச்சு அதுவா?

நாலாம்வரிசை:
நான் வாசிக்கிறவள் இல்லை, கேட்கிறவள். ஒரு சின்னக் கேள்வி. "ரசிகர்" என்று இங்கே யாரைச் சொல்கிறீர்கள்? பத்து விநாடி பார்த்துவிட்டு விரலால் தள்ளிவிட்டுப் போகிறவரையா, பாட்டின் பெயர் தெரிந்தவரையா, டிக்கெட் வாங்கி நின்றுகொண்டே கேட்கிறவரையா? மூன்றும் வேறு வேறு ஆட்கள். ஸ்பாட்டிஃபையில் முப்பது விநாடி ஓடினால்தான் ஒரு முறை கேட்டதாகக் கணக்கு. 2024-லிருந்து ஒரு பாட்டு பன்னிரண்டு மாதத்தில் ஆயிரம் முறையாவது கேட்கப்படாவிட்டால் அதற்குப் பைசா கிடையாது. அவர்களே ஒரு கோடு போட்டு வைத்திருக்கிறார்கள். நீங்களும் ஒரு கோடு போட்டுவிட்டுப் பேசினால் எங்களுக்குப் புரியும்.

பழைய_டிரம்மர்:
அம்மா, கோடு அப்புறம் போடலாம். முதலில் இவர் மைஸ்பேஸ் பக்கத்தை யார் தொடங்கியது என்று சொல்லட்டும்.

அடுத்தகோரஸ்:
சரி, மைஸ்பேஸை விடுங்கள். வாம்பயர் வீக்கெண்ட். நியூயார்க்கின் கொலம்பியா பல்கலைக்கழக மாணவர்கள், 2006-ல் சேர்ந்தவர்கள், சுத்தமான கல்லூரி பேண்ட். முதல் ஆல்பம் 2008 ஜனவரியில். அதற்குள் இசை வலைப்பூக்களில் எழுதி எழுதியே அவர்களைத் தூக்கிவிட்டார்கள், ஆல்பம் கடைக்கு வருவதற்கு முன்பே ஸ்பின் பத்திரிகை அட்டைப்படம் எடுத்து முடித்துவிட்டது. இதற்கு என்ன சொல்கிறீர்கள்? அதுவும் குறுந்தகடா?

பழைய_டிரம்மர்:
ஆமாம், குறுந்தகடுதான்! அவர்களும் சொந்தமாகக் குறுந்தகட்டில் பதிந்து கொடுத்தவர்கள்தான். முதன்முதலில் ஏறியதும் பல்கலைக்கழக வளாகத்தில் நடந்த பேண்ட் போட்டி மேடை, அதில் ஜெயிக்கவும் இல்லை. நீ எந்த உதாரணத்தை எடுத்தாலும் அடியில் ஒரு மேடை இருக்கும் தம்பி. வலைப்பூக்காரனுக்கு யாரோ ஒருவர் அந்தப் பாட்டைக் கொண்டுபோய்க் கொடுத்திருக்க வேண்டும், அந்த யாரோ ஒருவருக்கு ஏதோ ஒரு ராத்திரி காது கிழிய வாசித்துக் காட்டியிருக்க வேண்டும். இது தெரியாமல் "மேடை வேண்டாத வேலை" என்று எழுதினால், எங்களைப் போல ஆம்ப்ளிஃபையரைத் தோளில் தூக்கிப் படியேறிய ஆட்களுக்கு எரியுமா எரியாதா? நாங்கள் வாசித்த ஒரு கல்லூரி விழாவில் மூன்றாவது பாட்டுக்கு நடுவில் மைக்கைப் பிடுங்கிக்கொண்டு பரிசு வாங்கியவர்கள் பட்டியலை வாசித்தார்கள். அந்த ராத்திரி எங்களைத் தேடி வந்து பேசிய நாலு பேர் இன்றைக்கும் தொடர்பில் இருக்கிறார்கள். உன் வீடியோவுக்குக் கீழே நெருப்புப் படம் போட்டுவிட்டுப் போனவர்களில் ஒருத்தர் பெயராவது உனக்குத் தெரியுமா?

அடுத்தகோரஸ்:
தெரியும். கேளுங்கள். எங்கள் இரண்டாவது பாட்டில் கோரஸ் வர ஒரு நிமிடம் ஆகிறது, அதுவரை யாரும் தாங்கவில்லை, யூடியூப் காட்டும் வரைபடத்தில் இருபதாவது விநாடியில் கோடு மலையிலிருந்து விழுந்த மாதிரி விழுகிறது. கமெண்டில் ஒருவர் "கோரஸை முன்னால் கொண்டு வாருங்கள், கிடார் நுழைவைப் பாதியாக வெட்டுங்கள்" என்று நேரக்குறிப்போடு எழுதினார். வெட்டினோம். அடுத்த பதிப்பை முதலில் அவருக்குத்தான் அனுப்பினோம். அவர் இப்போது எங்கள் டிஸ்கார்ட் அரட்டைக் குழுவில் பாட்டு வரிகளைத் திருத்துகிறார், எங்கள் பாஸிஸ்டோடு தினமும் சண்டை போடுகிறார். அவர் ரசிகர் இல்லையா? மேடைக்கு முன்னால் இருட்டில் நிற்கிறவர் இருபதாவது விநாடியில் சலித்துப்போனால் உங்களுக்குத் தெரியுமா? கை தட்டிவிட்டுப் போய்விடுவார், நீங்களும் நன்றாக வாசித்ததாக நினைத்துக்கொண்டு வருடக்கணக்கில் அதே பாட்டை அதே மாதிரி வாசிப்பீர்கள்.

நாலாம்வரிசை:
இது ஒத்துக்கொள்ள வேண்டிய பேச்சு.

பழைய_டிரம்மர்:
யார் ஒத்துக்கொள்வது? நான் கேட்டது மைஸ்பேஸ்.

மிக்ஸர்_மேசை:
கோரஸ் தம்பி, பாட்டைத் திருத்துவது சரி. உங்கள் சேனலில் "பயிற்சி அறை நேரலை" என்று தலைப்புப் போட்ட வீடியோ ஒன்று இருக்கிறதே, அதைப் பற்றி ஒரு சந்தேகம். டிரம்ஸைச் சுற்றி ஒரு மைக்கூட இல்லை. காலால் அடிக்கும் கிக் டிரம்முக்குள் இல்லை, மேலேயும் தொங்கவில்லை. ஆனால் சத்தம் ஸ்டூடியோ சத்தம். இரண்டாவது சரணத்தில் டிரம்மர் அடிப்பது ரைட் என்ற பெரிய ஒற்றைத் தட்டு, கேட்பது ஹைஹாட் என்ற இரட்டைத் தட்டின் சத்தம். இது எந்த ஊர் நேரலை?

அடுத்தகோரஸ்:
எல்லாரும் அப்படித்தான் சார் செய்கிறார்கள். போனை மூலையில் வைத்து எடுத்தால் கிக் விழும்போதெல்லாம் போன் தானாகச் சத்தத்தை அமுக்குகிறது, பாடகர் குரல் தண்ணீருக்குள் போய்விடுகிறது. அதை யார் கேட்பார்கள்? படம் அறையில் எடுத்தது, ஒலி தனியாகப் பதிந்தது.

மிக்ஸர்_மேசை:
அப்படியானால் "நேரலை" என்று எழுதாதீர்கள். விஷயம் அவ்வளவுதான்.

பழைய_டிரம்மர்:
ஹா ஹா ஹா. நேரலையும் பொய், மைஸ்பேஸும் பொய். நான் அன்றைக்கு "டிரம்ஸ் எங்கே" என்று கேட்டது எவ்வளவு சரி பாருங்கள்! 2018-ல் த்ரெட்டின் என்று ஒரு அமெரிக்க ஆசாமி இப்படித்தான் இணையத்தில் பெரிய ரசிகர் கூட்டம் இருப்பதாகப் போலியாகக் காட்டி பிரிட்டன் முழுக்க மேடைகளை முன்பதிவு செய்தார். வாசிக்கப் போனபோது அரங்குகள் காலி. கூடவே போன வாத்தியக்காரர்கள் பாதியில் விட்டுவிட்டு ஓடினார்கள்.

அடுத்தகோரஸ்:
போலி லைக்கை விலைக்கு வாங்கியவரையும் எங்களையும் ஒன்றாக வைக்கிறீர்களா? நாங்கள் ஒரு லைக் வாங்கியதாக நிரூபியுங்கள். இல்லையென்றால் அந்த வரியை நீக்குங்கள். நேர்மை என்று பாடம் எடுக்கிற நீங்கள் பழைய இழையில் க்ளிக் ட்ராக் (தாளம் தவறாமலிருக்கக் காதில் ஓடவிடும் டிக் டிக் ஒலி) போட்டு வாசிக்கிறவன் டிரம்மரே இல்லை என்று எழுதிவிட்டு, உங்கள் பேண்டின் பதிவைப் போட்டபோது பின்னணியில் டிக் டிக் என்று கேட்டதே, அதை யார் விட்டுவைத்தது?

பழைய_டிரம்மர்:
அது கிடாரிஸ்டின் ஹெட்போனிலிருந்து கசிந்தது. நான் க்ளிக் போட்டு வாசிக்கவில்லை. இதை அன்றைக்கே விளக்கியாயிற்று.

மிக்ஸர்_மேசை:
கிடாரிஸ்ட் க்ளிக்கில் வாசித்தால் டிரம்மர் யாரோடு போனார்?

பழைய_டிரம்மர்:
நீங்கள் நடுவில் வராதீர்கள். மிக்ஸிங் என்ற பெயரில் எல்லாவற்றையும் அமுக்கித் தட்டையாக்கி, சத்தத்தை அளக்கும் LUFS கணக்கில் மைனஸ் எட்டுக்கு ஏற்றி நிறுத்துகிறவர்கள் டிரம்ஸைப் பற்றிப் பேச வேண்டாம்.

மிக்ஸர்_மேசை:
ஸ்பாட்டிஃபை இயல்பாக மைனஸ் பதினான்குக்கு இறக்கித்தான் ஓட்டுகிறது. அதற்கு மேல் அமுக்கிச் சத்தத்தை ஏற்றுவதில் லாபம் இல்லை என்று இந்தத் தளத்தில் அதிகமாகக் கத்தியவனே நான்தான், பழைய இழைகளைத் தேடிப் பாருங்கள். ஆள் தெரியாமல் பேசாதீர்கள்.

கூச்சல்வேண்டாம்:
நெறியாளர் குறிப்பு. தனிநபர் தாக்குதல் வேண்டாம். பேச்சு மாணவர் பேண்டுகள் இணையத்தில் ரசிகர்களைச் சேர்ப்பது பற்றியது. ஓகே கோ என்ற அமெரிக்க ராக் பேண்டின் டிரெட்மில் வீடியோ பற்றி யாராவது எழுதுவார்கள் என்று பார்த்துக்கொண்டிருக்கிறேன்.

நாலாம்வரிசை:
நான் எழுதுகிறேன். 2006. ஓடும் டிரெட்மில்கள்மேல் நாலு பேரும் நடனம், வெட்டே இல்லாத ஒரே ஷாட், உலகமே பார்த்தது. பின்னாளில் அவர்களுடைய இசை நிறுவனம் வீடியோக்களை மற்ற தளங்களில் ஒட்ட முடியாதபடி பூட்டியபோது பார்வைகள் தொண்ணூறு சதவீதம் விழுந்தன என்று அந்த பேண்டின் பாடகரே எழுதினார். 2010-ல் அந்த நிறுவனத்தை விட்டே வெளியே வந்தார்கள். ஆக, பகிர்கிறவர்கள் கையில்தான் எல்லாம் இருக்கிறது. ரசிகர்கள் தொடங்கிய மைஸ்பேஸ் பக்கமும் அதே கதைதானே? அப்படிப் பார்த்தால் நீங்கள் இருவரும் சொல்வது…

பழைய_டிரம்மர்:
"ரசிகர்கள் தொடங்கிய". நன்றி அம்மா. இந்த இழையில் நியாயமாகப் பேசுகிற ஒரே ஆள் நீங்கள். தம்பி, பார்த்தாயா? ரசிகர்கள் தொடங்கிய.

நாலாம்வரிசை:
நான் வாக்கியத்தை முடிக்கவே இல்லை.

அடுத்தகோரஸ்:
ரசிகர்கள் தொடங்கியதாகவே இருக்கட்டும் அண்ணே, அதுவும் இணையம்தானே! 2006-ல் ஆர்க்டிக் மங்கீஸின் முதல் ஆல்பம் முதல் வாரத்திலேயே மூன்றரை லட்சத்துக்கும் மேல் விற்றது. அத்தனை குறுந்தகட்டையும் கையால் பதிந்து வாசலில் நின்று கொடுத்தார்களா?

பழைய_டிரம்மர்:
"இருக்கட்டும்" இல்லை. "ஆமாம்" என்று சொல். நீ எழுதியது பக்கம் தொடங்கி. அந்த இழையில் அந்த வாக்கியம் இன்னும் அப்படியே இருக்கிறது, புதிதாகச் சேர்கிற பையன்கள் அதைப் படித்துவிட்டு ஒரு மேடைகூட ஏறாமல் போனைப் பார்த்து வாசித்துக்கொண்டிருப்பார்கள். திருத்து.

அடுத்தகோரஸ்:
த்ரெட்டின் வரியை நீங்கள் நீக்குங்கள், நான் யோசிக்கிறேன்.

பழைய_டிரம்மர்:
நான் ஏன் நீக்க வேண்டும்? அதில் எந்த எழுத்து பொய்? க்ளிக் ட்ராக்குக்குத் தனி இழை திறக்கிறேன், தைரியம் இருந்தால் அங்கே வா.

மிக்ஸர்_மேசை:
நானும் வருகிறேன். அதற்கு முன் கோரஸ் தம்பி ஒன்று சொல்லட்டும். அந்த இரண்டாவது சரணம், ரைடா ஹைஹாட்டா?