ஏலத்தில் எடுத்த வீடு, சுவாதீனம் மட்டும் கிடைக்கவில்லை

வணக்கம். நீதிமன்ற ஏலத்தில் ஒரு வீட்டை எடுத்தேன். ஏலம் உறுதியாகி, விற்பனைச் சான்றிதழும் கைக்கு வந்துவிட்டது. உரிமையியல் நடைமுறைச் சட்டம் கட்டளை 21, விதி 95இன்படி சுவாதீனம் (வீட்டை என் கைவசம் ஒப்படைப்பது) கேட்டு மனுப் போட்டேன், அதை நிறைவேற்றும் நீதிமன்ற ஊழியரான அமீனாவும் வந்தார். ஆனால் கடனாளியின் தம்பி வாசலில் நின்று, "பாதி வீடு என் பங்கு" என்று மறித்துவிட்டார். ஏலம் நடந்தபோது வாயே திறக்காதவர் இவர்!

தடையை நீக்க விதி 97இன்கீழ் மனுச் செய்ய 30 நாட்கள்தான் கெடு; அதில் 12 போய்விட்டன. அவருடைய உரிமையையும் அதே நீதிமன்றமே தீர்மானிக்கும், விதி 101 இருக்கிறது என்கிறார் என் வழக்கறிஞர். தம்பியோ தனியாகப் பாகப்பிரிவினை வழக்குப் போடுவேன் என்கிறார். அது நிலைக்குமா? இப்படி மாட்டி மீண்டவர்கள், போலீஸ் பாதுகாப்பை எந்தக் கட்டத்தில் கேட்டீர்கள் என்றும் சொல்லுங்கள்.