‘இனி அவன்’ தர்ஷன் தர்மராஜும் தோட்டத்துப் பேச்சும்

கேள்வி (ஹட்டன்)
வணக்கம். மலையகத்தில் விடிய விடிய ஆடப்படும் காமன் கூத்து ஆடி வளர்ந்தவன் நான். குறைந்த செலவில் எடுக்கப்படும் சுயாதீனப் படம் ஒன்றின் நடிகர் தெரிவுக்குச் சென்ற மாதம் போயிருந்தேன். இரண்டு வரி பேசியதுமே, தேயிலைத் தோட்டத்துப் பேச்சை மாற்றிக்கொண்டு வரும்படி சொல்லி அனுப்பிவிட்டார்கள். இறக்குவானையைச் சேர்ந்த மலையக நடிகர் தர்ஷன் தர்மராஜ், அசோக ஹந்தகம தமிழில் இயக்கிய ‘இனி அவன்’ (2012) படத்தில் யாழ்ப்பாணத்தவராகவே நடித்தார். அப்படியானால், இவ்வகைப் படங்களில் நிலைக்க விரும்பும் மலையக நடிகர் தன் பேச்சைக் கைவிடத்தான் வேண்டுமா?

பதில் 1 (பண்டாரவளை)
தம்பி, கைவிட வேண்டியதில்லை. இன்னொன்றையும் கற்றுக்கொள்ள வேண்டும். “என்ன செய்றீங்க” என்பவர் “என்ன செய்யிறியள்” என்று சொல்லும்போது சொல் மட்டுமன்றி இழுவையும் மூச்சும் மாற வேண்டும். போர் முடிந்து ஊர் திரும்பும் முன்னாள் போராளியாக தர்ஷன் வரும் அந்தப் படம், கான் திரைப்பட விழாவில் சுயாதீனப் படங்களுக்கான ஆசிட் பிரிவு வரை போனது. அதில் அவர் பேசாமல் நிற்கும் காட்சிகளைத் திரும்பத் திரும்பப் பாருங்கள்; ஊரார் பார்வையின் பாரம் அவருடைய தோளில் தெரியும். 2022 ஒக்டோபரில் அவர் மறைந்தது நமக்குப் பேரிழப்பு. இன்னொன்றும் சொல்ல வேண்டும்: சுயாதீனப் படங்களை மட்டும் நம்பினால் அடுப்பு எரியாது. அவரும் சிங்களப் படங்களிலும் தொலைக்காட்சித் தொடர்களிலும் நடித்தவர்தான்.

பதில் 2 (நுவரெலியா)
முதற்பதிலை ஏற்கிறேன், ஆனால் உங்களை அனுப்பியவர்கள் செய்தது தவறு. மலையக மக்களைப் பற்றி சுமதி சிவமோகன் ‘இங்கிருந்து’ (2013) படத்தை எடுத்த பிறகும் நம் பேச்சைக் குறையாகக் காண்பது வேதனை தருகிறது. நான் நடித்த குறும்படம் ஒன்றில், வெளியூர் நடிகை ஒருவர் தேயிலைக் கொழுந்தை ஒவ்வொன்றாகக் கிள்ளிக் கூடையில் வைத்தார். என் அம்மாவோ இரு கைகளாலும் பறித்து, பிடி நிறைந்ததும் திரும்பிப் பாராமலே தோளுக்கு மேலாக எறிவார். அந்த வேகத்தை யாரும் ஒரு வாரத்தில் கற்பிக்க முடியாது. நீங்கள் மாற்ற வேண்டியது குரலின் அளவைத்தான். கூத்தில் அடிக்கும் தப்புப் பறையின் ஓசையை மீறி விடிய விடியப் பாடிப் பழகிய தொண்டை, முகத்தருகே நிற்கும் கமராவுக்குப் பெரிது.

கேள்வி கேட்டவர்
அண்ணா, அக்கா, மிக்க நன்றி. எங்கள் கடைத்தெருவில் யாழ்ப்பாணத்தவர் ஒருவர் கடை நடத்துகிறார். நாளை மாலை முதல் அங்கே போய் உட்கார்ந்து, அவர் பேசுவதைக் கேட்கப் போகிறேன்.