பட்டினிச் சாவு: அரசு எதுவரை பொறுப்பு?

வரப்போரம்:
பட்டினியால் ஒருவர் செத்தால் அரசுதான் பொறுப்பு என்று நேற்று எழுதியிருந்தேன். "வீட்டுக்கு வீடு வந்து சோறு ஊட்டுமா?" என்று தராசு கேட்கிறார். சரி, 2001-க்குப் போவோம். ராஜஸ்தானில் தொடர் வறட்சி, பல வீடுகளில் கஞ்சிக்கே வழியில்லை. அதே ஆண்டு நாடு முழுக்க அரசுக் கையிருப்பில் 5 கோடி டன்னுக்கு மேல் தானியம் கிடந்தது. அதைச் சுட்டிக்காட்டித்தான் பியூசிஎல் என்ற மனித உரிமை அமைப்பு உச்ச நீதிமன்றம் போனது. பள்ளியில் சமைத்த மதிய உணவு தர வேண்டும் என்று எல்லா மாநிலங்களுக்கும் உத்தரவு வந்தது அந்த வழக்கில்தான். ஊட்ட வேண்டாம் ஐயா, கிடங்கைத் திறந்தால் போதும்.

தராசு:
எல்லாப் பொறுப்பையும் அரசே எடுத்துக்கொண்டால் என்ன ஆகும் என்று சீனா காட்டிவிட்டது. நிலத்தைக் கம்யூன் என்ற கூட்டுப் பண்ணையில் சேர்த்தார்கள், வீட்டு அடுப்பை அணைத்துப் பொதுச் சமையல் வைத்தார்கள். 1959–61 பஞ்சத்தில் கோடிக்கணக்கில் செத்தார்கள். 1978-க்குப் பிறகு நிலத்தைக் குடும்பங்களிடம் விட்டதும்தான் கிராமம் நிமிர்ந்தது. இங்கே 2013 உணவுப் பாதுகாப்புச் சட்டத்தில் சுமார் 80 கோடி பேருக்கு மாதம் தலைக்கு 5 கிலோ தானியம், 2023 முதல் இலவசம். 80 கோடி பேருமா பட்டினி? அந்தப் பணத்தில் பாசனமும் சாலையும் வரட்டும்.

வரப்போரம்:
சீனாவில் விளைச்சலைக் கூட்டிக் காட்டிய பொய்க்கணக்கை நம்பித் தானியத்தை அள்ளினார்கள். தட்டிக்கேட்கப் பத்திரிகையும் இல்லை, தேர்தலும் இல்லை. பொருளாதார அறிஞர் அமர்த்தியா சென் சொல்வது இதைத்தான். 1972–73 மகாராஷ்டிர வறட்சியைப் பாருங்கள்: உச்சத்தில் 50 லட்சம் பேர் அளவுக்கு நிவாரண வேலையில் இருந்தார்கள். கையில் கூலி இருந்தது, பஞ்சம் பெருஞ்சாவாக மாறவில்லை. அந்த ஆட்கள் வெட்டியதும் போட்டதும் நீங்கள் கேட்கும் குளமும் சாலையும்தான்!

பழைய எடையாளர்:
இடையில் வருகிறேன், மன்னிக்கவும். ரேஷன் கடையில் எடை போட்டவன் நான். கல் உடைக்கிறவர்கள் விரல் இயந்திரத்தில் பதியாது. நாலு தடவை அழுத்திப் பார்த்துவிட்டு வெறும் பையோடு போவார்கள். என் இருப்பில் அரிசி மிச்சம் இருக்கும், கணக்கில் அவர் "வாங்கவில்லை". அப்புறம், அந்த 80 கோடியே 2011 மக்கள்தொகையை வைத்துப் போட்ட எண்ணிக்கை. பிறகு சேர்ந்த குடும்பங்கள் பட்டியலில் இடம் காலியாகும்வரை காத்திருக்க வேண்டியதுதான்.

தராசு:
இதை மறுக்கவில்லை. அதனால்தான் ஆளைக் குறைத்து, உண்மையான ஏழைக்குச் சரியாகக் கொடு என்கிறேன்.

வரப்போரம்:
குறைக்கிற கத்தி முதலில் விழுவது அந்தக் கல் உடைக்கிறவர் மேல்தான். வசதியானவர் மனு எழுதியாவது பட்டியலில் ஏறிவிடுவார்.

பழைய எடையாளர்:
இன்னொன்று. அதே சட்டத்தின் 8-ஆம் பிரிவு, தானியம் தராவிட்டால் உணவுப் பாதுகாப்புப் படியாகப் பணம் தர வேண்டும் என்கிறது. நான் கடையில் இருந்தவரை அதைக் கேட்டு ஒருவர்கூட வந்ததில்லை. அப்படி ஒன்று இருப்பதே எனக்கும் வேலையை விட்ட பிறகுதான் தெரிந்தது.