பொலிதோரை நீங்க எங்க முதல்ல பார்த்தீங்க?

சைலண்ட் காமெடின்னாலே சாப்ளின், கீட்டன்னு பேசிட்டுப் போயிடுறோம், அவங்களுக்கு முன்னாடியே இத்தாலியில ஒரு பெரிய கூட்டம் விழுந்து புரண்டு ஜனங்களைச் சிரிக்க வச்சிருக்கு. அதுல எனக்கு ரொம்பப் பிடிச்சவர் பொலிதோர்.

நான் அவரைப் பார்த்தது இத்தாலிய டைரக்டர் ஃபெல்லினியோட லா டோல்ச்சே வீட்டா படத்துல (1960). ஹீரோ மார்செல்லோ, ஊர்லருந்து வந்த அப்பாவை நைட் கிளப்புக்குக் கூட்டிட்டுப் போவான்ல, அங்க வயசான கோமாளி ஒருத்தர் டிரம்பெட் ஊதிக்கிட்டு வருவாரே, ஊதி முடிச்சு அவர் போறப்ப தரையில கிடக்குற பலூனெல்லாம் அவர் பின்னாடியே போகும். கொஞ்ச நேரம்தான் வர்றார், ஆனா எனக்கு அந்தப் படத்துல அதுக்கு மேல ஒரு சீன் கிடையாது. யாருடா இந்த மனுஷன்னு தேடினா, அரை நூற்றாண்டுக்கு முன்னாடி ஸ்டாரா இருந்தவராம்!

நிஜப் பேரு ஃபெர்டினாண்ட் கியோம், 1887ல பிரான்ஸ்ல பயோன்ல பொறந்தவர், சர்க்கஸ் குடும்பம். அப்போ இத்தாலியில ஒவ்வொரு படக் கம்பெனிக்கும் சொந்தமா ஒரு காமெடியன் இருந்தே ஆகணும், தூரின் நகரத்துல இத்தாலா கம்பெனிக்கு கிரெத்தினெத்தி, அதைப் பார்த்து ரோம்ல சீனெஸ் கம்பெனி இவரை தொந்தோலினின்னு இறக்கிச்சு. அப்புறம் தூரின்ல பஸ்குவாலி கம்பெனிக்குப் போனார், பேரு பொலிதோர்னு மாறிடுச்சு, கடைசி வரைக்கும் அதுதான் நின்னுச்சு.

அவரோட பினோக்கியோவை (1911) அவசியம் பாருங்க. ஜூலியோ அந்தமோரோ எடுத்தது, பினோக்கியோ கதையில வந்த முதல் படமே இதுதான். இருபத்திநாலு வயசு ஆளு மரப்பொம்மையா நடிக்கிறார், டிரிக் ஷாட்டை விட அவர் உடம்புதான் அங்க வேலை செய்யுது, ஓடுறது, குட்டிக்கரணம் போடுறது எல்லாம் சர்க்கஸ் கூடாரத்துல சின்ன வயசுலயே பழகினது, ஒரு வாரம் ரிகர்சல் பார்த்தா வந்துடாது. கதை வேற எங்கெங்கயோ போகும், திமிங்கிலத்துகிட்ட இருந்து தப்பிச்சு செவ்விந்தியர்கள்கிட்ட மாட்டி, கடைசியில பீரங்கிக் குண்டு மேல ஏறி வீட்டுக்கு வருவான். தேவதையா வர்ற லேயா ஜுன்கியும் தனியா காமெடிப் படங்கள் பண்ணவங்க, அவங்களைப் பத்தித் தனியாவே எழுதணும்.

வேற யாராவது பார்த்திருக்கீங்களா?

- - -

அண்ணா, நான் பார்த்தது ஃபெல்லினியோட இன்னொரு படம், நைட்ஸ் ஆஃப் கபீரியாவுல (1957). கபீரியா நடந்து போறப்ப வழியில ஒரு துறவி வந்து பேசுவாரே, நீ கடவுள் அருள்ல இருக்கியான்னு கேட்டுட்டு, கல்யாணம் பண்ணிக்கம்மான்னு சொல்வாரே, அவரேதான் இவர். அப்ப எழுபது வயசு! அந்த முகத்துல சிரிப்பு காட்டுற மாதிரி எதையும் பண்ண மாட்டார், சும்மா நிப்பார், கபீரியாவா நடிச்ச ஜூலியெத்தா மசினா மாதிரி ஒரு நடிகை பக்கத்துல நின்னும் கண்ணு இவர்கிட்டயே போகுது. அந்தக் காலத்துப் படங்கள் இப்ப பார்க்கக் கிடைக்குதா?

- - -

கிடைக்குது தம்பி, நிறைய அழிஞ்சுடுச்சுங்கிறதுதான் வருத்தம். ஆம்ஸ்டர்டாம்ல ஐ ஃபிலிம் மியூசியத்துல டெஸ்மெட் கலெக்‌ஷன்னு ஒண்ணு இருக்கு, ஜான் டெஸ்மெட்ங்கிற டச்சு விநியோகஸ்தர் தன்கிட்ட இருந்த பிரிண்டைத் தூக்கிப் போடாம வச்சிருந்தார், அந்தக் காலத்துப் படங்கள் அவரால நிறைய தப்பிச்சுது. துறவி சீனை நீ சொன்ன பிறகு இன்னைக்கு ராத்திரியே திரும்பப் பார்க்கப் போறேன். நீ பினோக்கியோவைப் பார்த்துட்டு சொல்லு, முக்கியமா அந்தப் பீரங்கி சீன் எப்படி இருந்துச்சுன்னு.