நாய் எலிக்காய்ச்சலில் போயிருச்சு, குதிரைக்குத் தடுப்பூசி உண்டுங்களா?

செவலைக்காரன்:
வணக்கமுங்க. கோபி பக்கம் தோட்டம். ரெண்டு எருமை, ஒரு கறவை மாடு, ஒரு குதிரை. குதிரை செவலை, பொட்டை. மூணு வருசத்துக்கு முன்ன ஆடி மாசம் அந்தியூர் குருநாதசாமி கோயில் சந்தையில வாங்குனது.

போன மாசம் எங்க மணி செத்துட்டானுங்க. சிப்பிப்பாறை, நாலு வயசு. ரெண்டு நாள் வாந்தி, சோத்தைத் தொடல. மூணாம் நாள் ஈறும் கண்ணும் மஞ்சளாயிருச்சு. மூத்திரம் காப்பி டிகாஷன் கணக்கா போச்சு. டாக்டர் ரத்தம் எடுத்துப் பார்த்துட்டு எலிக்காய்ச்சல்னாரு. டிரிப்ஸ் ஏத்தியும் அஞ்சாம் நாள் விடியக்காலம் போயிட்டான். குட்டியில எல்லா ஊசியும் போட்டிருந்தேன், அட்டை இன்னும் பீரோவுல கெடக்குது. அப்புறம் வெறிநாய்க்கடி ஊசி மட்டுந்தான் வருசா வருசம் போட்டேன்.

இப்ப செவலைக்கு இடது கண்ணுல தண்ணியா வடியுது. வெயில்ல வந்தா கண்ணைத் தொறக்க மாட்டேங்குது. தீபாவளி சமயம் இப்படியே வந்து சொட்டு மருந்துல சரியாச்சு, மறுபடி வந்திருக்குது. இதுவும் எலிக்காய்ச்சலுங்களா? நாய் ஊசியையே குதிரைக்குப் போடலாமுங்களா? ஊட்டுக்காரிதான் பால் கறக்குறா, அந்தப் பயமும் இருக்குது.

பழைய வெட்னரி:
தம்பி, மணிக்கு நடந்தது மனசைக் கனக்க வைக்குது. முப்பது வருசம் கால்நடை மருத்துவரா இருந்தவன் நான். நாய்க்குப் போடுற கூட்டு ஊசியில டிஸ்டெம்பர், பார்வோங்கிற வைரஸ் நோய்களுக்கான பாகம் மூணு வருசம்கூடத் தாங்கும். எலிக்காய்ச்சல் பாகம் செத்த கிருமியில செய்தது, ஒரு வருசம்தான். விட்டுப்போச்சுன்னா முதல்லேர்ந்து ரெண்டு டோஸ், மூணு நாலு வார இடைவெளியில.

நாய் ஊசியைக் குதிரைக்குப் போடவே கூடாது. இந்தக் கிருமியில வகை ஏராளம். ஒரு வகைக்குப் போட்ட ஊசி இன்னொரு வகையைத் தடுக்கும்னு நம்ப முடியாது. குதிரைக்குன்னு அமெரிக்காவுல 2015ல ஒரு ஊசிக்கு அனுமதி கொடுத்தாங்க. அது பொமோனா வகைக்கு மட்டும். ஆறு மாசம் தாண்டின குதிரைக்கு ரெண்டு டோஸ், பிறகு வருசம் ஒண்ணு. அங்க அந்த வகையாலதான் குதிரைக்குக் கரு கலையுது, சிறுநீரகம் கெடுது.

கண்ணு விசயத்தைத் தள்ளிப்போடாதே. நீ சொல்றது திரும்பத் திரும்ப வர்ற கண் உள்வீக்கம் மாதிரி தெரியுது. கிருமி உடம்புக்குள்ள போயி மாசக்கணக்கு, ஏன், வருசம் கழிச்சுக்கூடக் கண்ணுல காட்டும். ஒவ்வொரு தடவையும் பார்வையில கொஞ்சம் போகும். இதுக்குக் காரணம் எலிக்காய்ச்சல் மட்டுமில்லை, அதனால பார்க்காம முடிவு கட்டக் கூடாது. வந்த நோயை ஊசி திருப்பாது. டாக்டரைக் கூப்பிட்டு முதல்ல கருவிழியில புண் இருக்கான்னு சாயம் விட்டுப் பார்க்கச் சொல்லு. புண் இருக்கிறப்ப ஸ்டீராய்டு சொட்டு விட்டா கண்ணே போயிடும். பழைய சொட்டு மருந்தை நீயா எடுத்து விடாதே. ரத்தத்தை எலிக்காய்ச்சல் பரிசோதனைக்கு அனுப்பு, ரெண்டு மூணு வாரம் கழிச்சு இன்னொரு தடவையும். கிருமிக்கு எதிரா ரத்தத்துல உண்டாகுற எதிர்ப்பொருள் அளவு நாலு மடங்கு ஏறினா இது புதுசா வந்த தொற்று.

வைக்காட்டோ பால்காரன்:
அண்ணா, நான் நியூசிலாந்துல பால் பண்ணையில வேலை செய்றேன். இங்க மாட்டுக்கு இந்த ஊசி போடுறதே பெரும்பாலும் கறக்குறவங்களுக்காகத்தான். குழியில நின்னு கறக்குறோம், மாட்டு மூத்திரம் மூஞ்சிலயே தெறிக்கும். ஹார்ட்ஜோ, பொமோனாங்கிற ரெண்டு வகைக் கிருமிக்கும் கன்னுக்குட்டியிலேயே ஆரம்பிச்சு வருசா வருசம் போடுவாங்க. பிந்திப் போட்டா, ஏற்கெனவே மூத்திரத்துல கிருமி விடுற மாடு ஊசிக்கப்புறமும் விட்டுக்கிட்டேதான் இருக்கும். ஊசி போட்ட மந்தையிலயும் நாங்க கை வெடிப்பை மூடி, கையுறை போட்டுத்தான் இறங்குவோம். அண்ணியை ரப்பர் பூட்ஸ் போடச் சொல்லுங்க. காய்ச்சலும் கெண்டைக்கால் வலியும் வந்தா, வீட்டு நாய்க்கு எலிக்காய்ச்சல் இருந்துச்சுன்னு டாக்டர்கிட்ட முதல்லயே சொல்லிடணும்.

செவலைக்காரன்:
ரெண்டு பேருக்கும் நன்றிங்க. டாக்டர் வந்து சாயம் விட்டுப் பார்த்தாரு, புண் இல்லையாம். கண்ணு பாப்பாவை விரிக்குற அட்ரோபினும் ஸ்டீராய்டும் குடுத்திருக்காரு, ரத்தமும் எடுத்துட்டாரு. கொட்டாயில சாக்கு மறைப்புக் கட்டி இருட்டாக்கியிருக்கேன்.

புண்ணாக்கு மூட்டைக்குப் பின்னால எலிப் பொந்து மூணு இருந்துச்சுங்க. மூட்டையெல்லாம் தகர டிரம்முக்கு மாத்தியாச்சு, தண்ணித் தொட்டியைக் கழுவிக் காயப்போட்டேன். பக்கத்துத் தோட்டத்து நாய் மூணுக்கும் ஞாயித்துக்கிழமை முதல் டோஸ். அடுத்த வருசத் தேதியையும் அட்டையிலயே எழுதி வாங்கிக்கிறேன்.