போக்சோ வழக்கில் எங்களுக்குத் தெரியாமல் ஜாமீன்: அடுத்து என்ன செய்வது?

தென்மாவட்டம் ஒன்றில் அக்கா மகளுக்கு நடந்த பாலியல் வன்கொடுமை வழக்கு. வயது 14, போக்சோவோடு பி.என்.எஸ். (இ.பி.கோ.வுக்குப் பதிலாக வந்த தண்டனைச் சட்டம்) 65-ஆவது பிரிவும் போட்டிருக்கிறார்கள். இன்னும் குற்றப்பத்திரிகை வரவில்லை. போன வாரம் போக்சோ நீதிமன்றம் குற்றம் சாட்டப்பட்டவனுக்கு ஜாமீன் கொடுத்துவிட்டது. ஜாமீன் மனு விசாரணை பற்றி எங்களுக்குத் தகவலே இல்லை. பி.என்.எஸ்.எஸ். (புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம்) 483(2)-படி, 65-ஆவது பிரிவு வழக்கில் புகார்தாரரோ அவர் சார்பில் ஒருவரோ ஜாமீன் விசாரணையில் இருப்பது கட்டாயம். பாதிக்கப்பட்டவர் தரப்பைக் கேட்க வேண்டும் என்று 2022-இல் உச்ச நீதிமன்றமும் சொல்லியிருக்கிறது.

மகளிர் காவல் நிலையத்தில் கேட்டால் அரசு வழக்கறிஞரைக் கை காட்டுகிறார்கள். அவரோ காவல் நிலையத்தை. உத்தரவு நகலுக்கு மனு போட்டாகிவிட்டது. அவன் வீடு அடுத்த தெருதான், பிள்ளை பள்ளிக்கே போவதில்லை.

ஜாமீனை ரத்து செய்ய அதே நீதிமன்றத்தில் மனு போடலாமா, நேராக உயர் நீதிமன்ற மதுரைக் கிளைக்குப் போவது நல்லதா?